சுருதிப்பெட்டியின் வயிற்றுக்குள்ளே!

நாலே நாலு ஸ்க்ரூ. கழற்றியதும் மூடி கையோடு வந்துவிட்டது. "பாத்தியளா அண்ணாச்சி, உள்ள எவ்வளவு லட்சணமா வச்சிருக்கானுவ!" என்று விளக்கை இறக்கிப் பிடித்தார் நாகர்கோவில் மெக்கானிக் தம்பி. கச்சேரி தொடங்கி மங்களம் பாடும்வரை மேடையில் பாடகருக்குப் பக்கத்தில் விடாமல் ஒலித்துக்கொண்டே இருக்குமே, அந்தப் பெட்டியின் வயிறு என் கண்ணெதிரே! ஒரு டிரான்ஸ்பார்மர், உள்ளங்கையகல ஸ்பீக்கர், பச்சைப் பலகையில் வரிசையாகச் சில்லுகள், சுருதி சேர்க்கும் குமிழ்களின் முதுகுப்புறம். முட்டம், குளச்சல் பக்கத்துப் பெட்டி என்றால் உப்புக்காற்று பட்டு ஈயம் வைத்த இடமெல்லாம் பச்சை பூத்திருக்குமாம்.

இது முழுக்க முழுக்க ஒரு சிந்தசைசர், மின்சுற்றாலேயே நாதம் எழுப்பும் கருவி. மூக், ரோலண்ட் என்று சிந்தசைசர் கம்பெனிகளின் பெயர் கேட்டாலே வாய் பிளக்கிறோம். அந்தக் குடும்பத்துப் பிள்ளை ஒன்று பாட்டு வகுப்பு நடக்கும் நம் வீட்டுத் திண்ணையிலேயே இத்தனை நாளாக உட்கார்ந்திருக்கிறது.

பெட்டிக்குள் அடங்கிய இந்த மின்னணுத் தம்புரா என்றதும் நினைவுக்கு வர வேண்டிய பெயர் ஜி. ராஜ் நாராயண். பெங்களூருக்காரர். ஹிந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸில் பொறியாளராக இருந்தவர், புல்லாங்குழல் வாசிப்பவர். விமானத்து மின்னணுவியலும் குழலும் ஒரே கையில்! 1979-ல் அவர் மின்னணுத் தம்புராவை உருவாக்கினார். ரேடெல் நிறுவனம் பிறந்தது. அப்புறம் தபலாவைப் பெட்டிக்குள் அடக்கிய தாள்மாலா, பிறகு டிஜிட்டல் வீணை என்று வரிசையாக வந்தன. எனக்கு இதில் பிடித்ததே, தேவையை உணர்ந்தவரும் கருவியைச் செய்தவரும் ஒரே ஆளாக இருந்ததுதான். நீளத் தம்புராவைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறுவது என்ன பாடு என்று வாசிக்கிறவருக்குத்தானே தெரியும்?

சரி, தம்புராவின் நாதத்தைக் கம்பியே இல்லாமல் எப்படி எழுப்புவது? வேடிக்கையே இங்கேதான். தம்புராவில் நாலு கம்பி: பஞ்சமம், இரண்டு மேல் ஷட்ஜம், ஒரு கீழ் ஷட்ஜம். ராகத்தில் பஞ்சமம் இல்லையென்றால் முதல் கம்பியை மத்தியமத்துக்கு மாற்றுவார்கள். மின்சுற்றில் வெறும் ஷட்ஜ அதிர்வெண்ணை மட்டும் எழுப்பினால் விசில் மாதிரி மொட்டையாகக் கேட்கும். உயிர் வருவது ஜீவாளியால். கம்பிகளைத் தாங்கும் குதிரையின் மேல், கம்பிக்கு அடியில் செருகும் ஒரு துண்டு நூல்தான் ஜீவாளி! அதை மயிரிழை நகர்த்தினால் போதும், கம்பி குதிரையை உரசி உரசி, அடிச்சுரத்தின் 2 மடங்கு, 3 மடங்கு, 5 மடங்கு அதிர்வுகளெல்லாம் பளபளவென்று மேலெழுகின்றன. 3-வது மடங்கில் பஞ்சமம் கேட்கும், 5-வதில் அந்தர காந்தாரம். யாரும் மீட்டாத காந்தாரம்! அந்த மடங்குகளை எந்த அளவில் கலப்பது, எது முதலில் எழுந்து எது முதலில் அடங்க வேண்டும் என்பதைத்தான் பெட்டி செய்கிறவர்கள் மாதக்கணக்கில் காதை வைத்துத் தீட்டுகிறார்கள்.

உண்மையான தம்புராவையே பதிவுசெய்து சில்லில் ஏற்றிவிட்டால் தீர்ந்ததே என்று தோன்றும். முன்பு அது லேசான காரியமில்லை. 64 கிலோபைட் சில்லு ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். சிடி தரத்தில் ஒரு வினாடி மோனோ ஒலிக்கு 88,200 பைட் வேண்டும். அந்தச் சில்லில் ஒரு வினாடிகூடக் கொள்ளாது! தரத்தைக் குறைத்து, வினாடிக்கு 8,000 மாதிரி, மாதிரிக்கு ஒரு பைட் என்று வைத்தால் 8 வினாடி கிடைக்கும். தபலா சொல் ஒவ்வொன்றும் நொடியில் அடங்கிவிடும், அதனால் சமாளிக்கலாம். தம்புரா அப்படியில்லை, நீள நீள இழையும். பதிவின் முடிவை ஆரம்பத்தோடு ஒட்டித் திரும்பத் திரும்ப ஓட்டியாக வேண்டும். ஒட்டிய இடம் துளி பிசகினாலும் 'டிக்' என்று காட்டிக்கொடுத்துவிடும். இன்றைக்கு ஐடாப்லா ப்ரோ மாதிரி செயலிகள் அந்த மொத்தப் பெட்டியையும் போனுக்குள் கொண்டுவந்துவிட்டன. இட நெருக்கடி போயிற்று. ஒட்டு தெரியாமல் ஒட்டும் வேலை மட்டும் போகவில்லை.

மெக்கானிக் தம்பி இன்னொரு வித்தை காட்டினார். சுருதிப்பெட்டியை ஒரு கட்டை சுருதியில் வைத்தார். பக்கத்தில் சர்ச் கொயருக்கு வாசிக்கும் கீபோர்டு. ஒரு கட்டை ஷட்ஜம் 261.6 ஹெர்ட்ஸ். பஞ்சமம் அதன் ஒன்றரை மடங்கு, 392.4. கீபோர்டில் 392.0, காதுக்குப் பெரிதாகத் தெரியாது. காந்தாரம்தான் குட்டை உடைக்கிறது. இயற்கையாக எழுவது 327.0, கீபோர்டில் 329.6! இரண்டும் சேர்ந்து ஒலித்தால் வினாடிக்கு இரண்டு மூன்று தடவை நாதம் ஏறி இறங்கும். "கேட்டியளா, அலையடிக்கி!" என்றார். கேட்டேன். ஸ்பீக்கருக்குள் கடல் புகுந்த மாதிரி இருந்தது. கீபோர்டு பன்னிரண்டு சுரத்தையும் சம இடைவெளியில் பங்குபோட்டு வைத்திருக்கிறது, எந்தச் சுருதிக்கும் தாவ வசதியாக. தம்புராவோ ஒரே ஷட்ஜத்தை மட்டும் நம்பி வாழ்வது.

சுரம் எழுப்பும் கருவி செய்யும் கிறுக்கு நாகர்கோவில் இருக்கும் இந்த நாஞ்சில் நாட்டுக்குப் புதிதில்லை. சுசீந்திரம் தாணுமாலயன் கோயிலில் ஒரே கல்லில் செதுக்கிய, 18 அடி உயர இசைத்தூண்கள் நிற்கின்றன. சின்னத் தூண்களின் பருமனையும் நீளத்தையும் மாற்றி மாற்றிச் செதுக்கிச் சுரத்தைப் பிடித்திருக்கிறார்கள். ஒரு உளிவெட்டு கூடிப்போனால் திரும்பச் சேர்க்க முடியாத வேலை! அந்தச் சிற்பிகளின் காதை நினைத்தாலே புல்லரிக்கிறது.

பெட்டி செய்கிறவர்களை இன்னும் தூங்கவிடாத சங்கதி ஒன்று உண்டு: கமகம். கீபோர்டு கட்டைகள் தனித்தனிப் படிக்கட்டு; நம் சுரங்களோ வழுக்கிக்கொண்டே போகிறவை. அதனால்தான் கீபோர்டில் கர்நாடக இசை வாசிக்கும் சத்யநாராயணன் வலக்கை கட்டையில் ஓட, இடக்கையால் சுருதியை வளைக்கும் சக்கரத்தை உருட்டிக்கொண்டே இருக்கிறார். ஏ.ஆர். ரஹ்மான் கட்டைகளே இல்லாத கன்டினுவம் கருவியைத் தேடிப் பிடித்தார். அமெரிக்காவின் லிப்போல்ட் ஹேக்கன் வடிவமைத்தது, மெத்தென்ற பரப்பில் விரலை இழுத்தால் சுரமும் இழைகிறது. ரேடெலின் டிஜிட்டல் வீணை வேறு வழியில் போனது: கம்பியையும் மெட்டையும் அப்படியே விட்டுவிட்டு, நாதத்தை மட்டும் மின்சுற்றிடம் கொடுத்தது. கம்பியை இழுத்தால் கமகம் தன்னால் வந்துவிடும். மூன்று வழியில் எனக்கு இதன்மேல்தான் ஆசை. அடுத்த முறை பெங்களூர் போனால் அந்த வீணையின் மூடியையும் கழற்றிப் பார்த்துவிடலாமா என்று மெக்கானிக் தம்பியிடம் கேட்டேன். அவர் அதற்குள் ஸ்க்ரூடிரைவரைத் துடைத்துப் பையில் போட்டுவிட்டார்.