வீட்டு ஈட்டுக் கடனின் மெய்விலை

ஈடு, ஒற்றி, அடைவு என்னும் மூன்று சொற்களும் கடனோடு தொடர்புற்று நமது வழக்கிலே பயின்று வருவன. நகையை ஒப்படைத்துப் பணம் பெறுவது அடைவு. காணியை உடையவன் கையிலேயே விட்டு, அதன் மீது ஓர் உரிமையை மட்டும் உறுதியில் எழுதிக்கொள்வது ஈடு. காணியையே கடன் கொடுத்தவனிடம் ஒப்புவித்து, வட்டிக்குப் பதிலாக அதன் விளைவை அவன் அனுபவிக்க விடுவது ஒற்றி. ஒல்லாந்தர் ஆட்சியில், 1707 ஆம் ஆண்டளவிலே தொகுக்கப்பட்ட தேசவழமை ஒற்றியைத் தனியே எடுத்துக் கூறுகின்றது. ஒற்றியின் கொடுமைகள் பல. எனினும் அதில் ஒரு தெளிவும் இருந்தது. வயலை ஒற்றி வைத்தவன், தான் செலுத்தும் வட்டி யாதென்பதை ஆண்டுதோறும் அவ்வயலின் அறுவடையிலே நேரிற் கண்டான். இன்றைய வீட்டு ஈட்டிலோ கடன்பட்டவர் தம் வீட்டிலேயே குடியிருக்கின்றார். வட்டி அவரது சம்பளத்திலிருந்து ஓசையின்றிக் கழிகின்றது. அதன் அளவு அவருக்குப் புலப்படுவதில்லை.

வீட்டுக் கடன் பெறச் செல்லும் ஓர் ஆசிரியரோ எழுதுவினைஞரோ முதலிற் கேட்கும் வினா, மாதம் எவ்வளவு கட்டவேண்டும் என்பதாகும். வங்கியும் அவ்வினாவுக்கே விடையளிக்கின்றது. சம்பள விபரம் நோக்கப்படுகின்றது. கழிவுகள் போக எஞ்சும் தொகையில் தவணை அடங்குமா என்று பார்க்கப்படுகின்றது. அடங்குமாயின் கடன் வழங்கத்தக்கதென முடிவாகின்றது. இம்முறையிலே கடனைச் சுமக்கும் ஆற்றல் அளக்கப்படுகின்றதேயன்றிக் கடனின் விலை அளக்கப்படுவதில்லை. இவை வேறு வேறானவை. அதுமட்டுமன்று, முன்னதை எளிதாக்குவதற்கெனச் செய்யப்படும் ஏற்பாடுகளே பின்னதை உயர்த்துகின்றன. இதனை ஒரு கணக்கின் துணைகொண்டு விளக்க முயல்வோம்.

ஒருவர் 50 இலட்சம் ரூபாவை ஆண்டுக்கு 12 வீத வட்டிக்கு, 20 ஆண்டுகளில் மீளச் செலுத்தும் நிபந்தனையோடு பெறுகின்றார் எனக் கொள்வோம். 12 வீதம் என்பதைக் கணக்கின் எளிமைக்காகவே தெரிந்துகொண்டோம். மாதத்திற்கு அது 1 வீதமாகும். (மாதந்தோறும் கணிக்கப்படுவதால் ஆண்டு முழுவதற்கும் நோக்கின் இது 12.68 வீதமாகின்றது என்பதை இடையே குறிப்பிடுதல் தகும்.) இக்கடனுக்குரிய சமத் தவணை மாதம் ரூபா 55,054. இருபது ஆண்டுகளில் 240 தவணைகள். செலுத்தும் மொத்தத் தொகை ஒரு கோடியே 32 இலட்சம் ரூபா. அதில் வட்டி மாத்திரம் 82 இலட்சம்.

மொத்தத் தொகையைக் காட்டிலும் அது செலுத்தப்படும் ஒழுங்கே கூர்ந்து நோக்கற்பாலது. முதல் மாத முடிவில் 50 இலட்சத்திற்கான வட்டி ரூபா 50,000. ஆகவே, செலுத்திய 55,054 ரூபாவில் 5,054 ரூபா மட்டுமே முதலைக் குறைக்கின்றது. அடுத்த மாதம் வட்டி சிறிது குறையும். முதலுக்குச் செல்லும் பங்கு அதே அளவு கூடும். இம்மாற்றம் தொடக்கத்தில் மிக மெதுவாகவே நிகழ்கின்றது. ஐந்து ஆண்டுகளில் அவர் 33 இலட்சம் ரூபா செலுத்தியிருப்பார். கடனோ 4 இலட்சத்து 13 ஆயிரம் மாத்திரமே குறைந்திருக்கும். பத்து ஆண்டுகள், அதாவது பாதிக் காலம் கழிந்த பின்னரும் 38 இலட்சத்திற்கு மேல் நிலுவையாக இருக்கும். முதலிற் பாதியைத் தீர்ப்பதற்குப் பதினைந்து ஆண்டுகள் செல்கின்றன. தவணையில் வட்டியை விட முதலின் பங்கு மிகுவதும் அப்பதினைந்தாம் ஆண்டிலேதான்.

இங்கு ஏமாற்று எதுவும் நிகழவில்லை என்பதையும் நேர்மையோடு கூறவேண்டும். ஒவ்வொரு மாதமும் எஞ்சிய கடனுக்கே வட்டி கணிக்கப்படுகின்றது. 'வங்கி வட்டியை முன்கூட்டியே எடுத்துக்கொள்கின்றது' என்று பலரும் கூறுவது சரியான விளக்கமன்று. கடன் பெரிதாக இருக்கும்போது வட்டி பெரிதாக இருக்கின்றது. தவணை சமமாக வைக்கப்பட்டிருப்பதால் முதலுக்கு எஞ்சுவது சிறிதாகின்றது. விளைவு யாதெனில், ஏழெட்டு ஆண்டுகளில் இடமாற்றத்தினாலோ நோயினாலோ வீட்டை விற்க நேரும் குடும்பம், தான் செலுத்தியதில் மிகச் சிறு பகுதியே வீட்டில் தன் உடைமையாகியிருப்பதைக் காண்கின்றது.

இனி, காலத்தை நீட்டுதல் பற்றி. தவணை கூடுதலாக இருக்கின்றது என்று தயங்குவோருக்கு வழங்கப்படும் வழக்கமான தீர்வு இது. மேற்கூறிய கடனை 25 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை 52,661 ரூபாவாகின்றது. மாதம் ஏறக்குறைய 2,400 ரூபா குறைகின்றது. ஆனால் மொத்தச் செலுத்தல் 26 இலட்சம் அளவிற் கூடிவிடுகின்றது. மறுதலையாக, 15 ஆண்டுகளில் தீர்ப்பதாயின் தவணை 60,008 ரூபா. ஏறத்தாழ 5,000 ரூபா மேலதிகமாகச் செலுத்துவதன் மூலம் மொத்தத்தில் 24 இலட்சம் மிச்சமாகின்றது. ஐயாயிரம் ரூபாவுக்கு இத்துணை வலிமை எங்கிருந்து வருகின்றது? முதல் மாதத்தில் முதலைக் குறைத்த தொகை 5,054 ரூபா மட்டுமே என்பதை நினைவிற்கொண்டால் விடை கிட்டும். மேலதிகமான ஐயாயிரம் முழுவதும் முதலுக்கே செல்வதால் அப்பங்கு ஏறக்குறைய இரட்டிக்கின்றது. காலத்தை எவ்வளவு நீட்டினாலும் தவணை 50,000 ரூபாவுக்குக் கீழே இறங்கமாட்டாது என்பதும் இதனாற் புலனாகும். அத்தொகை வெறும் வட்டி, அதைச் செலுத்துபவர் என்றென்றும் கடனாளியே. முன்கூட்டிச் செலுத்துவோரிடம் சில நிறுவனங்கள் தனிக் கட்டணம் அறவிடுவதுண்டு. ஒப்பந்தத்தில் அவ்வாசகத்தைத் தேடிப் படித்தல் இன்றியமையாதது.

வட்டி முதலை மிஞ்சலாகாது என்பது பழைய சமுதாயங்கள் பலவற்றில் வேரூன்றியிருந்த ஒரு கருத்தாகும். மனுநூல் ஒரே முறையில் அறவிடப்படும் வட்டி முதலின் அளவைத் தாண்டலாகாதெனக் கூறுகின்றது. இலங்கையின் பொதுச் சட்டத்திற்கு அடிப்படையாக அமைந்த உரோம-ஒல்லாந்தச் சட்டத்திலும், நிலுவையாகச் சேரும் வட்டி முதலின் அளவை எட்டியதும் மேலும் வளராது என்ற விதி உண்டு. நமது எடுத்துக்காட்டில் 50 இலட்சம் முதலுக்கு வட்டி 82 இலட்சம். விதி மீறப்பட்டதா? இல்லை. அவ்விதி செலுத்தப்படாது குவியும் வட்டியையே கட்டுப்படுத்துகின்றது. மாதத் தவணை முறையிலோ வட்டி குவிவதேயில்லை. பிறந்த மாதத்திலேயே அது அறவிடப்பட்டுவிடுகின்றது. ஒழுங்காகச் செலுத்தும் கடனாளிக்கு அப்பழைய காப்பு எவ்வகையிலும் உதவுவதில்லை.

எனினும், ஒரு கோடியே 32 இலட்சம் என்ற தொகையையே கடனின் மெய்விலை எனக் கொள்ளுதலும் பொருந்தாது. முற்போக்கு எண்ணம் உடையோர் சிலரும் இத்தொகையை எடுத்துக்காட்டி வங்கியைச் சாடுவதோடு நின்றுவிடுகின்றனர். இன்றைய ரூபாவும் இருபது ஆண்டுகளுக்குப் பிந்திய ரூபாவும் ஒன்றல்ல. விலைகள் மாதம் அரை வீதம் உயர்ந்து செல்வதாகக் கொண்டால், 240 தவணைகளின் பெறுமதி இன்றைய விலைகளில் ஏறத்தாழ 77 இலட்சம் ரூபாவாகும். அவ்வாறாயின் மெய்யான வட்டிச் சுமை 82 இலட்சமன்று, 27 இலட்சமே. இதனோடு, வேறிடத்திற் குடியிருந்தால் செலுத்தியிருக்கவேண்டிய வாடகையையும் கழித்துப் பார்த்தல் வேண்டும். மறுபக்கத்திலே கூட்டவேண்டியவையும் உள. வீட்டின் விலையில் கடனுக்கு அப்பால் தம் கையிலிருந்து 20 இலட்சம் இட்டவர், அத்தொகை நிலையான வைப்பில் 8 வீதத்திற்கு இருந்திருப்பின் மாதம் 13,000 ரூபாவுக்கு மேல் வட்டி பெற்றிருப்பார். அவ்விழப்பும் வீட்டின் செலவே. நொத்தாரிசின் கட்டணம், காணி உரிமையைத் தேடிப் பார்க்கும் செலவு, மதிப்பீட்டுக் கட்டணம், முத்திரை வரி, தீக் காப்புறுதி, கடன்பட்டவர் இறப்பின் எஞ்சிய கடனைத் தீர்க்கும் ஆயுட் காப்புறுதி ஆகியன வட்டி வீதத்தில் அடங்குவதில்லை.

பணவீக்கம் கடனாளிக்கு நன்மை செய்யும் என்பது பொருளியற் பாடநூல்களின் கூற்று. அதற்கு இரு நிபந்தனைகள் உண்டு: வட்டி வீதம் மாறாதிருத்தல் வேண்டும், வருமானம் விலைகளோடு சேர்ந்து உயர்தல் வேண்டும். 2022 ஆம் ஆண்டு இவ்விரு நிபந்தனைகளையும் இலங்கையிலே சோதித்துப் பார்த்தது. அவ்வாண்டு செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி பணவீக்கம் 69.8 வீதமாயிற்று. மாதச் சம்பளம் பெறுவோரின் வருமானம் அதனைத் தொடர்ந்து செல்லவில்லை. வட்டியோ தொடர்ந்தது. மத்திய வங்கியின் துணைநில் கடன்வழங்கல் வசதி வீதம் 2022 ஏப்பிரலில் ஒரே முடிவினால் 7.5 வீதத்திலிருந்து 14.5 வீதமாக உயர்த்தப்பட்டது. வங்கிகள் தம் சிறந்த வாடிக்கையாளரிடம் அறவிடும் வட்டியைக் காட்டும் முதன்மைக் கடன்வழங்கல் வீதம் 2021 இறுதியில் 9 வீதத்திற்கும் கீழே இருந்தது. 2022 இறுதியில் 27 வீதத்தைத் தாண்டி நின்றது. 2023 இலும் 2024 இலும் அது மீண்டும் இறங்கியது. ஆயினும் மிதக்கும் வட்டியில் கடன் பெற்றிருந்தோர் இடைப்பட்ட மாதங்களைக் கடந்தே ஆகவேண்டியிருந்தது.

அவர்களுக்கு நேர்ந்ததை நமது எடுத்துக்காட்டினால் அறியலாம். இரண்டு ஆண்டுகள் தவறாது செலுத்திய பின் கடன் மீதி 48 இலட்சத்து 64 ஆயிரம் ரூபா. அப்போது வட்டி 18 வீதமாகுமெனின், அம்மாத வட்டி மாத்திரம் 72,955 ரூபா. பழைய தவணை 55,054 ரூபா அவ்வட்டிக்கே போதாது. எஞ்சிய 18 ஆண்டுகளில் கடனைத் தீர்க்கவேண்டுமாயின் தவணை 76,000 ரூபாவாக உயரவேண்டும். பேரேற்றங்களை விடுத்துச் சிற்றேற்றம் ஒன்றை நோக்குவோம். வட்டி 12 வீதத்திலிருந்து 13.5 வீதமாக மட்டும் உயர்கின்றது. தவணையைக் கூட்ட இயலாதென்று கடன்பட்டவர் வேண்ட, காலத்தை நீட்டுவதற்கு வங்கி இணங்குகின்றது. எஞ்சியிருந்த 18 ஆண்டுகள் ஏறத்தாழ 38 ஆண்டுகளாகின்றன! வட்டி 13.6 வீதத்தை எட்டுமாயின் அத்தவணையினால் எக்காலத்திலும் கடன் தீராது. நீண்ட காலக் கடன்களில் தவணை வெறும் வட்டியை மிக நெருங்கி நிற்பதே இதன் காரணம். மாதச் சுமையைக் குறைக்கும் நீட்சி, வட்டி ஏற்றத்தைத் தாங்கும் வலுவையும் உடன் குறைத்துவிடுகின்றது.

வட்டி உயரும் இடரை யார் சுமப்பது என்னும் வினா இங்கு எழுகின்றது. நிலையான வட்டிக் கடனில் அதனை வங்கி சுமக்கின்றது. அதற்கு ஈடாகத் தொடக்கத்திலே சற்று உயர்ந்த வீதத்தைக் கேட்கின்றது. மிதக்கும் வட்டிக் கடனில் அவ்விடர் கடன்பட்டவரின் தலைமேற் சுமத்தப்படுகின்றது. முதலாம் ஆண்டின் தாழ்ந்த வீதத்தைக் கண்டு கையொப்பமிடுபவர், தாம் பெற்ற சலுகைக்கு விலையாக ஏற்றுக்கொண்டது யாதென அறிவதில்லை. சில ஒப்பந்தங்களில் முதற் சில ஆண்டுகள் நிலையாகவும் பின்னர் மிதப்பதாகவும் வட்டி அமைகின்றது; விளம்பரத்திற் பெரிய எழுத்தில் வருவது அம்முதற் சில ஆண்டுகளின் வீதமே. வட்டி எச்சுட்டெண்ணைச் சார்ந்து, எத்தனை மாதங்களுக்கு ஒருமுறை மாறும், அதற்கு உச்ச வரம்பு உண்டா என்பனவற்றை எழுத்திற் பெறுதல் வேண்டும். வரம்பு இல்லையெனின், வீதம் ஆறு புள்ளிகள் உயர்ந்தால் தவணை எவ்வளவாகும் எனக் கணித்துத் தருமாறு கேட்டல் வேண்டும். தவணைதோறும் முதலும் வட்டியும் பிரித்துக் காட்டும் மீள்செலுத்தல் அட்டவணையையும் கையொப்பத்திற்கு முன்பே கேட்டுப் பெறலாம். பின்பு பெறுவதாற் பயன் குறைவு.

தவணை தவறினால் நேர்வது யாதென்பதும் விலையின் ஒரு கூறே. 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டம், நீதிமன்றத்தை நாடாமலே, பணிப்பாளர் சபையின் தீர்மானத்தின் பேரில் ஈட்டுச் சொத்தை ஏலத்தில் விற்கும் அதிகாரத்தை வங்கிகளுக்கு வழங்கியது. பராட்டே எனப்படுவது இதுவே. 2011 ஆம் ஆண்டின் திருத்தம் 50 இலட்சத்திற்குக் குறைந்த முதலையுடைய கடன்களை அதிலிருந்து விலக்கியது. நெருக்கடியின் பின்னர் 2024 இலே அவ்வதிகாரம் தற்காலிகமாக நிறுத்திவைக்கப்பட்டது. பணத்தின் பெறுமதி வீழ்ந்துவரும் நாட்டில் 50 இலட்சம் என்னும் எல்லை நிலையான காப்பன்று. அன்று நடுத்தர வீடொன்றுக்குப் போதுமாயிருந்த தொகை இன்று அதன் ஒரு பகுதிக்கே போதும்; ஆகவே சட்டம் மாறாமலே அதன் காப்புக்கு வெளியே செல்லும் வீடுகளின் தொகை பெருகுகின்றது.

ஊழியர் சேமலாப நிதியிலுள்ள மீதியைப் பிணையாக வைத்து வீட்டுக் கடன் பெறும் வழியும் தொழிலாளருக்குத் திறந்துள்ளது. காணி உறுதி இல்லாதோருக்கு இது உதவுகின்றது என்பதை மறுக்கமுடியாது. ஆனால் அக்கடன் தவறுமிடத்து இளைப்பாறும் நாளில் கைக்கு வரவேண்டிய சேமிப்பு அங்கே கழிக்கப்படுகின்றது. ஐம்பதாம் வயதை அண்டிக் கடன் பெறுவோர், தவணை முடியும் ஆண்டையும் தாம் இளைப்பாறும் ஆண்டையும் ஒரே தாளில் அருகருகே எழுதிப் பார்த்தல் நன்று. வட்டி ஏறியதால் நீட்டப்பட்ட காலமும் அத்தாளில் இடம்பெறல் வேண்டும். அந்த ஆண்டுகளுக்குரிய தவணையைச் செலுத்தப்போவது சம்பளமா, ஓய்வூதியமா, பிள்ளைகளின் உழைப்பா என்பது கடன் விண்ணப்பப் படிவங்களிற் கேட்கப்படுவதில்லை.