உங்களுக்குத் தெரியுமா? 800 மீட்டருக்கு 160 கிலோமீட்டர்!

1960, செப்டம்பர் 2. ரோம் ஒலிம்பிக்கில் ஒரே நாளில் நியூஸிலாந்துக்கு இரண்டு தங்கம்: 800 மீட்டரில் பீட்டர் ஸ்னெல், 5,000 மீட்டரில் மரே ஹால்பெர்க்.

இருவருக்கும் பயிற்சியாளர் ஒருவரே. காலணித் தொழிற்சாலையில் வேலை பார்த்த ஆர்தர் லிடியார்ட்.

பயிற்சியைக் கட்டம் கட்டமாகப் பிரித்தவர் அவர். முதலில் பல வாரங்களுக்குச் சீரான நெடுந்தூர ஓட்டம், வாரத்துக்குச் சுமார் 160 கிலோமீட்டர். இரண்டே நிமிடத்துக்குள் முடிந்துவிடும் பந்தயத்துக்குத் தயாரான ஸ்னெல்லுக்கும் இதில் சலுகை கிடையாது; ஆக்லாந்துக்கு மேற்கே, வைடகெரே மலைச்சாலையில் ஏறக்குறைய 35 கிலோமீட்டரை அவரும் ஓடியே ஆக வேண்டும்! அடுத்து, கால்களுக்கு வலுவேற்ற மேட்டில் துள்ளி ஏறும் பயிற்சி. மைதானத்தில் வேகம் பழகுவதெல்லாம் அதற்கப்புறம்தான். போட்டி நெருங்க நெருங்க ஓடும் தூரம் குறையும்.

1964 டோக்கியோவில் ஸ்னெல் 800, 1,500 மீட்டர் இரண்டிலும் தங்கம் வென்றார்.