முதல் உறைமோர் எங்கிருந்து வந்தது?

கல்லூரி மாணவி ஒருவர் கடிதம் எழுதியிருக்கிறார். முதியவர் ஒருவர் காலத்தில் பின்னோக்கிப் போய், இருபது வயதில் இருக்கும் தன்னிடமே புதிய கோட்பாடு எழுதிய தாள் ஒன்றைக் கொடுக்கிறார். இளைஞர் அதை வெளியிட்டுப் புகழ் பெறுகிறார். வயதான பின் அதே தாளோடு பின்னோக்கிப் போகிறார். “அப்படியென்றால் அந்தக் கோட்பாட்டை யோசித்தது யார்?”

இந்தக் கேள்விக்கு இயற்பியலில் பாதி விடை இருக்கிறது. அந்தப் பாதியே அவ்வளவு அழகு.

அதற்கு முன் ஒரு எச்சரிக்கை. காலப்பயணம் நிரூபணமாகிவிட்டது என்ற தலைப்பை அடிக்கடி பார்க்கிறோம். 2020இல் ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து பல்கலைக்கழகத்திலிருந்து ஜெர்மெய்ன் டோபர், ஃபேபியோ கோஸ்டா இருவரும் எழுதிய கட்டுரையையும் அப்படித்தான் ஊதிப் பெரிதாக்கினார்கள். அதில் இருந்தது கணிதம். கால வளையம், அதாவது கடந்த காலத்துக்கே திரும்பி வரும் பாதை, என்று ஒன்று இருந்தால், அதற்குள் நடப்பவை ஒன்றோடொன்று முரண்படாமல் இருக்க முடியும் என்று காட்டினார்கள். ‘இருந்தால்’ என்ற சொல் தலைப்பில் காணாமல் போனது. அப்படியொரு வளையத்தை இதுவரை எவரும் கண்டதில்லை.

வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்குள் கால வளையம் ஒளிந்திருப்பதை 1949இல் குர்ட் கெடல் காட்டினார். 1980களில் கார்ல் சேகன் தன் நாவலுக்காகக் கேட்ட சந்தேகம் இயற்பியலாளர் கிப் தோர்னைப் புழுத்துளைகளின் (காலவெளியின் குறுக்குவழிகளின்) பக்கம் திருப்பியது. ரஷ்யரான இகோர் நோவிகோவ் ஒரு நிபந்தனை வைத்தார்: வளையத்துக்குள் நடப்பதெல்லாம் ஒரே கதையாகப் பொருந்த வேண்டும், பொருந்தாதது நடக்காது. இவ்வளவு போதும். இனி மாணவியின் தாளைப் போலவே சுற்றிவரும் ஒரு கடிகாரத்துக்கு வருவோம்.

1980இல் வந்த ‘சம்வேர் இன் டைம்’ என்ற ஹாலிவுட் படத்தில், 1972ஆம் ஆண்டு மூதாட்டி ஒருவர் ஓர் இளைஞன் கையில் பாக்கெட் கடிகாரத்தை வைத்துவிட்டுப் போகிறார். எட்டாண்டு கழித்து அவன் அதோடு 1912க்குப் போகிறான். அங்கே இளம்பெண்ணாக இருக்கும் அவரிடமே அது தங்கிவிடுகிறது. எந்தப் பட்டறையிலும் செய்யப்படாத கடிகாரம் அது. இப்படிப்பட்ட பொருளுக்கு, நோவிகோவும் ஆந்த்ரே லோசேவும் 1992இல் எழுதிய கட்டுரையில் ‘ஜின்’ என்று பெயர் வைத்தார்கள்.

சுற்றச் சுற்றக் கடிகாரம் தேய்ந்து ஒருநாள் பொடியாகிவிடாதா என்று பலரும் கேட்பார்கள். ஆகாது. அதற்கு இரண்டாவது சுற்று என்பதே கிடையாது, 1912 ஒரே ஒருமுறைதான் வருகிறது. ஆகவே சிக்கல் இன்னும் கடுமையானது. 68 ஆண்டு புழங்கிய கடிகாரம், தொடக்கத்தில் இருந்தபடியே முடிவிலும் இருந்தாக வேண்டும். ஒரு கீறல்கூடக் கூடவோ குறையவோ கூடாது. வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதி இதை இலவசமாகத் தராது. வெளியிலிருந்து ஆற்றல் செலவழித்துத் தேய்மானத்தைச் சரிசெய்தால்தான் ஜின் பிழைக்கும் என்றார்கள் லோசேவும் நோவிகோவும்.

எனக்கு மிகவும் பிடித்த இடம் இனிமேல்தான். 1950இல் கடிகாரம் பழுதுபார்ப்பவர் ஒருவர் ஸ்பிரிங்கை மாற்றுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். தொழிற்சாலையிலிருந்து வந்த புது ஸ்பிரிங் உள்ளே போகிறது. அது 1980வரை ஓடி, 1912க்குப் போய், அங்கிருந்து 38 ஆண்டு உழைத்து, 1950இல் அதே மனிதரின் மேசைக்கு வந்து சேர்கிறது. அவர் கழற்றி வைக்கும் நைந்த ஸ்பிரிங்கும் மாட்டப்போகும் பளபளப்பான ஸ்பிரிங்கும் ஒன்றேதான். 68 வயது வித்தியாசத்தில் இரண்டும் ஒரே மேசையில் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கின்றன! அந்த ஸ்பிரிங்குக்குப் பிறப்பு உண்டு, முடிவும் உண்டு. இப்படியே பல்சக்கரம், முள், கண்ணாடி, மூடி என எல்லாவற்றையும் மாற்றிவிட்டால் உலோகம் முழுவதும் சாதாரண உலோகமாகிவிடும். பிறப்பில்லாமல் மிஞ்சுவது கடிகாரத்தின் வடிவம் மட்டும்.

நம் வீட்டுத் தயிரும் இப்படித்தான். பால் தினமும் புதிது, தொடர்ந்து வருவது உறைமோரில் இருக்கும் பாக்டீரியாக் குடும்பம். ஒருநாள் வீட்டில் உறைமோர் இல்லை. நாளைக் காலைத் தயிரிலிருந்து ஒரு கரண்டியை எடுத்து, இன்றிரவுப் பாலில் உறை ஊற்றுகிறோம். விடிந்ததும் தயிர், அதில் ஒரு கரண்டி நேற்றிரவுக்குப் போகிறது. கணக்கு எங்கும் இடிக்கவில்லை. பாக்டீரியா பெருக ஆகும் செலவைப் பாலில் உள்ள லாக்டோஸ் ஏற்றுக்கொள்கிறது. ஊற்றிய கரண்டியின் புளிப்பும் எடுத்த கரண்டியின் புளிப்பும் ஒன்றாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். அந்தப் பாத்திரத்தில், அந்தச் சூட்டில், எந்த பாக்டீரியாக் கலவை தன் விகிதம் மாறாமல் பெருகுமோ அதுதான் உள்ளே இருக்கும். ருசியான தயிராக இருக்கும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. இன்னொன்றையும் பாருங்கள். ஒரு கரண்டி பாலைப் பின்னோக்கி அனுப்பிப் பாலிலேயே கலந்தால், காலையில் பால் பாலாகவே இருக்கும். அதுவும் கணக்குக்குச் சரி!

இப்போது மாணவியின் தாள். அதே தாளே சுற்றி வந்தால் கடிகாரத்தின் தேய்மானச் சிக்கல் வந்துவிடும், ஆகவே படியெடுக்க வேண்டும். 1941இலேயே எழுத்தாளர் ராபர்ட் ஹைன்லைன் இதைப் பிடித்துவிட்டார். ‘பை ஹிஸ் பூட்ஸ்ட்ராப்ஸ்’ கதையின் நாயகன் நைந்துபோன குறிப்பேட்டைப் புதியதில் படியெடுக்கிறான். இரண்டும் ஒரே குறிப்பேடு என்று பிறகுதான் அவனுக்கு விளங்குகிறது. எழுதியவர் யாருமில்லை.

படியெடுத்தது மூலத்தோடு எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போக வேண்டும் என்பதே நோவிகோவின் நிபந்தனை. கோட்பாடு சரியா தவறா என்று அது பார்ப்பதில்லை. பிழை மலிந்த தாளும் அதே பிழைகளோடு படியெடுக்கப்பட்டால் தேறிவிடும். உழைக்காமல் அறிவு பிறப்பதை இயற்பியலாளர் டேவிட் டாய்ச் 1991இலேயே ஏற்க மறுத்தார். பரிணாமமோ சிந்தனையோ இல்லாமல் அறிவு உருவாகாது என்பது அவர் வாதம். எனக்கும் அப்படித்தான் படுகிறது. எல்லாவற்றிலும் சுலபமாகப் பொருந்துவது, பாலில் விட்ட பாலைப் போல, எதுவும் எழுதாத தாள். கதவைத் தட்டும் முதியவர் இளைஞரிடம் அதைத்தான் நீட்டுவார் என்று நினைக்கிறேன்.