பெருங்கப்பலின் முதுகெலும்பு

1956-ஆம் ஆண்டு ஏப்ரல் 26-ஆம் தேதி, ‘ஐடியல் எக்ஸ்’ என்னும் அமெரிக்கக் கப்பல், சரக்கு நிரப்பிய 58 பெட்டிகளைச் சுமந்து நியூவார்க் துறைமுகத்தினின்று புறப்பட்டது. 2023-இல் சேவைக்கு வந்த ‘எம்.எஸ்.சி. ஐரினா’வோ இருபதடிப் பெட்டிகளில் 24,346 ஏற்க வல்லது. அவற்றை வரிசையாக வைத்தால் 92 மைல் நீளும்! கப்பலின் நீளம் சுமார் 1,312 அடி; அகலம் 201 அடி. இத்தனை பெரிய உடல் அலைமேல் முறியாமல் நிற்பது எங்ஙனம்?

நேயர்கள் ஒரு தீப்பெட்டியை எடுத்துக் கொள்ளட்டும். மூடிய பெட்டியை முறுக்குவது கடினம். உள்ளே இருக்கும் திறந்த தட்டை மட்டும் எடுத்தால் எளிதில் முறுகும். கண்டெய்னர் கப்பல் அந்தத் தட்டைப் போன்றது. பாரந்தூக்கி பெட்டிகளை நேரே உள்ளே இறக்க வேண்டுமாதலால் மேல்தளத்தில் பெரிய வாய்கள் விடப்படுகின்றன. இக்குறையை ஈடு செய்ய, பக்கச் சுவர்களையும் அடித்தளத்தையும் இரட்டையாக அமைத்து, சுவர்களின் மேல்விளிம்பில் மிகக் கனமான உருக்குத் தகடுகளைப் பொருத்துகிறார்கள்.

முறுக்கைவிட வளைவு பொல்லாதது. வேகத்தின் பொருட்டுக் கப்பலின் இரு முனைகளும் ஒடுங்கியிருப்பதால், அங்கே நீர் தாங்கும் சக்தி குறைவு. பருத்த நடுப்பாகத்திலோ அதிகம். ஆகவே நடு உயர்ந்து முனைகள் தாழப் பார்க்கும். அலையின் முகடு நடுவில் வந்தால் வளைவு இன்னும் மிகும். அப்போது மேல்விளிம்பு இழுபடும், அடித்தகடு நெருக்குண்ணும். தபால் கார்டை இரு முனையிலும் அழுத்தினால் புடைப்பது போல, நெருக்குண்ட தகடும் புடைத்து வலுவிழக்கக் கூடும்.

இது வெறும் ஏட்டுக் கணக்கன்று. ஜப்பானில் கட்டப்பட்டு 2008-இல் கடலில் இறங்கிய ‘எம்.ஓ.எல். கம்ஃபர்ட்’, 2013 ஜூன் 17-ஆம் தேதி சிங்கப்பூரிலிருந்து ஜெட்டா செல்கையில், அரபிக் கடலின் தென்மேற்குப் பருவக் கொந்தளிப்பில் நடுவே முறிந்தது. மாலுமிகள் 26 பேரும் தெய்வாதீனமாக உயிர் தப்பினர். பின்பாதி பத்து நாளில் மூழ்கியது. முன்பாதி இழுத்துச் செல்லப்படுகையில் தீப்பற்றி, ஜூலையில் அமிழ்ந்தது. நாலாயிரத்துக்கு மேற்பட்ட பெட்டிகள் நாசமாயின. கப்பலின் வயதோ ஐந்து!

ஆராய்ந்த நிபுணர்கள் நடுப்பாகத்து அடித்தகட்டிலேயே முறிவு தொடங்கியதென முடிவு கண்டனர். அதே அமைப்பில் கட்டிய சகோதரக் கப்பல்களின் அடியிலும் முக்கால் அங்குல அளவு புடைப்புகள் காணப்பட்டன. உடல் வளைவதால் நேரும் நெருக்கத்தோடு, கீழிருந்து நீர் தள்ளும் அழுத்தமும் ஒரே தகட்டின்மீது கூடியதன் கொடுமையைப் பழைய கணக்குகள் போதிய அளவு கருதவில்லை. பிறகு அக்கப்பல்களின் அடித்தளம் பலப்படுத்தப்பட்டது; கப்பல் தர நிர்ணயச் சங்கங்கள் 2015-இல் புதிய விதிகள் வகுத்தன.

ஆனால், பெட்டிக்குள் இருக்கும் பாரம் மெய்யாகத் தெரியாவிடில் எந்த விதியும் பயன்படாது. ஏற்றுமுன் ஒவ்வொரு பெட்டியின் எடையும் சரிபார்க்கப்பட வேண்டுமென்ற சர்வதேச விதி 2016 ஜூலை முதல் அமலுக்கு வந்தது. வியாபாரி எழுதித் தரும் எடையில் பொய் கலந்தால், அதன் பாரம் கப்பலின் முதுகெலும்பில்தான் ஏறும். நம் வீட்டுக்கு வரும் அயல்நாட்டுப் பண்டம் பலவும் இப்பெட்டிகளில் ஏறி வருபவையே. அவற்றைக் கொணரும் மாலுமிகளின் உயிர், கண்ணுக்குத் தெரியாத அடித்தகட்டையும் ஒரு சீட்டில் எழுதிய எடையையும் நம்பியிருக்கிறது என்பதை நாம் மறத்தலாகாது.