பஞ்சாயத்தில் பெண் குரல்... பதிவு செஞ்ச கேமரா!

டாகுமென்டரின்னாலே கொட்டாவி விடுற ஆளா நீங்க? புதுக்கோட்டை பெண்கள் பற்றி 2011-ல் வந்த 'இன்வோக்கிங் ஜஸ்டிஸ்' படத்தைப் பாருங்க... தூக்கம் கலைஞ்சிடும்!

தலாக், வரதட்சணைன்னு முஸ்லிம் குடும்பங்கள்ல தகராறு வந்தா, பள்ளிவாசல் ஜமாஅத்தில்தான் பஞ்சாயத்து. உட்கார்ந்து பேசுறது முழுக்க ஆண்கள். யாரோட வாழ்க்கை பற்றிப் பேச்சோ, அந்தப் பெண் தன் பக்க நியாயத்தைச் சொல்லக்கூட அங்கே இடம் இல்லை.

2004-ல் புதுக்கோட்டை தாவூத் ஷரீஃபா கானமும் தோழிகளும் பெண்களுக்கே ஒரு ஜமாஅத் ஆரம்பிச்சாங்க. எதிர்ப்புன்னா எதிர்ப்பு... அப்படியொரு எதிர்ப்பு! ஆனாலும், குர்ஆன் என்ன சொல்லுது, சட்டம் என்ன சொல்லுதுன்னு ரெண்டையும் கையில வெச்சு வழக்கு பேசினாங்க. படம் வந்த சமயத்தில் 12 மாவட்டங்கள்ல 12,000 உறுப்பினர்கள். தீர்த்து வெச்ச வழக்குகள் 8,000-க்கும் மேலே!

இயக்குநர் தீபா தன்ராஜ் இந்த ரூட்டுக்குப் புதுசு இல்லை. 1980-ல் நண்பர்களோடு 'யுகாந்தர்' குழுவை ஆரம்பிச்சு, வீட்டு வேலை செய்றவங்க, புகையிலைத் தொழிற்சாலைப் பெண்கள்னு தேடித் தேடிப் படம் பிடிச்சவர். அந்தப் படங்கள் பல வருஷம் கழிச்சு டிஜிட்டலாகி, புது தலைமுறைக்கும் கிடைச்சிருக்கு.

பஞ்சாயத்து முடிஞ்சா, ஊர் ஞாபகத்தில் நிற்கிறது தீர்ப்பு மட்டும்தான். வந்து அழுத பெண் சொன்னது காற்றோடு போயிடும். போக விடாமல் பிடிச்சு வெச்சதுதான் இந்தப் படத்தோட வேலை.

விஸ்காம் நண்பர்களே... உங்க ஊர்ல யார் பேச்சு எங்கேயும் பதிவாகலை? அடுத்த புராஜெக்ட்டுக்கு கேமராவை அங்கே திருப்புங்க!