பேச்சு போனால் அறிவும் போய்விடுமா?

ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வகம் இருப்பதை நாம் அனைவரும் அறிவோம். 1977ஆம் ஆண்டு மார்ச் 10ஆம் நாள் அங்கிருந்த அறிஞர்கள் யுரேனஸ் கோளை நோக்கிக்கொண்டிருந்தனர். கோள் தொலைவிலுள்ள ஒரு விண்மீனை நெருங்கிச் சென்ற வேளையில், கோள் அதனை மறைக்காத நிலையிலேயே, விண்மீனின் ஒளி சில விநாடிகள் மங்கியது. வேறு இடங்களிலும் அன்று இதே மங்கல் பதிவாயிற்று. யுரேனஸைச் சுற்றி வளையங்கள் உள்ளன என்ற உண்மை அவ்வாறே வெளிப்பட்டது. ஒளி குறைந்ததால்தான், இருப்பது தெரியாத ஒன்று தெரிய வந்தது.

மூளையின் மொழித்திறனையும் மனிதன் இவ்வாறே அறிந்தான். நன்றாகப் பேசும் ஒருவரைப் பார்த்து, அவர் எவ்வாறு பேசுகிறார் என்று சொல்லிவிட முடியாது. பேச்சு எங்கே மங்குகிறது, எந்தப் பகுதி மட்டும் மறைகிறது என்று பார்த்தபோதுதான் மொழியின் உள்ளமைப்பு புலப்படத் தொடங்கியது.

பாரீஸ் நகருக்கு அருகே பிசேத்ர் மருத்துவமனையில் லெபோர்ன் என்றொரு நோயாளி 21 ஆண்டுகள் இருந்தார். அவர் வாயிலிருந்து பெரும்பாலும் வந்தது ‘டான், டான்’ என்ற ஒலி மட்டுமே. கோபம் வந்தால் ஒரு வசைச்சொல் தெளிவாக வரும் என்பது வேடிக்கை. 1861 ஏப்ரலில் அவர் இறந்தபின் பால் புரோக்கா என்ற அறுவை மருத்துவர் மூளையைப் பரிசோதித்தார். இடது முன்மடலின் கீழ்ப்பகுதி சிதைந்திருந்தது. அதே ஆண்டில் லெலோங் என்ற முதியவரும் புரோக்காவிடம் வந்தார். அவருக்கு ஐந்தே சொற்கள் எஞ்சியிருந்தன. எந்த எண்ணைக் கேட்டாலும் ‘மூன்று’ என்றுதான் வாய் சொல்லும். “உமக்கு எத்தனை பிள்ளைகள்?” என்று கேட்டபோதும் ‘மூன்று’ என்றார். ஆனால் காட்டியதோ நான்கு விரல்கள்! நாலு என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். அதற்குரிய சொல்தான் வரவில்லை. இக்கட்டுரையில் நான் சொல்ல வந்ததன் பெரும்பகுதி அந்த நான்கு விரல்களில் அடங்கிவிடுகிறது.

நம் பக்கத்தில் பக்கவாதம் கண்டு வாய் அடைத்துப்போனவரை வீட்டார் எவ்வாறு நடத்துகின்றனர்? “அவருக்கு ஒன்றும் தெரியாது” என்று அவர் எதிரிலேயே பேசுகிறோம். நிலத்தைப் பற்றியும் பெண்ணின் திருமணத்தைப் பற்றியும் அவரைக் கேளாமலே முடிவெடுக்கிறோம். கைநாட்டுக்கு மட்டும் கட்டைவிரலைப் பிடித்து இழுக்கிறோம். அவரோ எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு கண்ணீர் விடுகிறார். அந்தக் கண்ணீரையும் நோயின் கணக்கில் எழுதிவிடுகிறோம்.

இதற்கு நேர்மாறான நோயும் உண்டு. 1874இல் கார்ல் வெர்னிக்கே என்ற 26 வயது ஜெர்மானிய மருத்துவர் அதனை விளக்கினார். காதுக்கு அருகே, இடது மூளையின் பக்கமடலில் பின்புறமாக ஊறு நேர்ந்தால் பேச்சு நிற்பதில்லை. தங்குதடையின்றிப் பெருகி வருகிறது. ஆனால் சொற்கள் இடம் மாறும், இல்லாத சொற்கள் பிறக்கும். பிறர் சொல்வதும் விளங்காது. கை கால் நன்றாக இருப்பதால் இது பக்கவாதத்தின் விளைவு என்றே பலருக்குத் தோன்றாது. சித்தப் பிரமை என்பர்; காற்று கருப்பு என்று பூசாரியிடம் அழைத்துச் செல்வர். பேசாதவருக்கு அறிவில்லை என்று நினைப்பது ஒரு பிழை என்றால், பிதற்றுபவருக்குப் பேய் என்று நினைப்பது மற்றொரு பிழை.

இங்கு ஒரு திருத்தமும் வேண்டும். ‘பேசுவதற்கு ஓர் அறை, கேட்பதற்கு ஓர் அறை’ என்று மூளையை வீடுபோல் பிரித்துப் பழைய நூல்கள் படம் போட்டன. அது அவ்வளவு எளிதன்று. பாதுகாத்து வைக்கப்பட்டிருந்த லெபோர்னின் மூளையை 2007இல் காந்தப்படக் கருவியால் ஆராய்ந்தபோது, சேதம் புரோக்கா கண்டதைவிட ஆழமாக, நரம்பிழைக் கட்டுகள் வரை சென்றிருந்தது தெரிந்தது. மூளையின் பல பகுதிகள் ஊர்களைப் போல. அவற்றை இணைக்கும் சாலைகளும் முக்கியம். போளூர் நன்றாக இருக்கிறது, ஜமுனாமரத்தூர் நன்றாக இருக்கிறது, மலைப்பாதையில் பாறை சரிந்தால் பேருந்து வருமா?

இனி நம் தமிழுக்கு வருவோம். ‘வந்தான்’ என்னும் சொல்லைப் பகுதி, சந்தி, விகாரம், இடைநிலை, விகுதி என்று பிரித்து வகுப்பில் எழுதினோம் அல்லவா? நன்னூலார் சொன்ன பகுபத உறுப்புகளைத் தேர்வுக்காக மனப்பாடம் செய்து, தேர்வு முடிந்ததும் மறந்துவிடுகிறோம். ஆனால் மூளையில் ஊறு நேரும்போது பெரும்பாலும் இந்த மூட்டுவாய்களில்தான் மொழி கழன்று விழுகிறது! புரோக்கா வகைப் பேச்சிழப்பு உள்ளவருக்குப் பொருள் தரும் சொற்கள் வரும். வேற்றுமை உருபும் விகுதியும் தடுமாறும். “மகன்... வேலூர்... பஸ்... நேற்று” என்ற முறையில் பேச்சு தந்தி வாசகம் போலாகும். ஆங்கிலத்தில் ஈற்றெழுத்து உதிர்ந்தாலும் பெரும்பாலும் ஒரு முழுச்சொல் எஞ்சும். சொல்லின் வேர் தனித்து நிற்க முடியாத ஹீப்ரு போன்ற மொழிகளில் நோயாளிகள் உருபை விட்டுவிடுவதில்லை. தவறான உருபைப் போட்டு நிரப்புகின்றனர் என்று கண்டுள்ளனர். ஆகவே நோய் ஒன்றாயினும் அது காட்டும் முகம் மொழிக்கு மொழி வேறுபடுகிறது. ஆங்கிலேயருக்குச் செய்த சோதனைத் தாளை அப்படியே பெயர்த்துத் தமிழருக்குக் கொடுத்தால் போதாது என்பது இதனால் விளங்கும்.

கேட்டுணர்வதிலும் இந்த மூட்டுவாய் தெரியும். ‘மானைப் புலி துரத்தியது’ என்றால் நோயாளிக்குச் சிரமமில்லை. உலகில் நடப்பது அதுதானே! ‘புலியை மான் துரத்தியது’ என்று சொல்லிப் பாருங்கள். இங்கே பொருளை மாற்றுவது ‘ஐ’ என்னும் ஓர் உருபு மட்டுமே. இத்தகைய தலைகீழ் வாக்கியங்களில் இந்நோயாளிகள் பல மொழிகளிலும் தடுமாறுகின்றனர். சொற்களின் பொருள் தெரிகிறது, அவற்றைக் கட்டிய கயிறு பிடிபடவில்லை. அவர்களுக்கு ‘எல்லாம் புரிகிறது’ என்பதும் முழு உண்மையன்று. ‘ஒன்றும் புரியவில்லை’ என்பது அதைவிடப் பெரும் பொய்.

படிப்பும் எழுத்தும் தனியே பிரிவது இன்னும் விந்தை. 1892இல் பிரெஞ்சு மருத்துவர் தெஜெரின் விளக்கிய நோயாளி சரளமாக எழுதுவார். எழுதிய தாளை அவரிடமே நீட்டினால் படிக்க முடியாது. நம் அண்டை மாநிலத்திலும் இத்தகைய ஆய்வு நடந்துள்ளது. கன்னடமும் ஆங்கிலமும் அறிந்த ஒருவருக்கு நேர்ந்த வாசிப்பிழப்பைப் பற்றி பிரதிபா கரந்த் 1981இல் எழுதினார். தமிழைப் போலவே உயிர்மெய் எழுத்துகளைக் கொண்ட மொழியில் வாசிப்பு எவ்வாறு நடைபெறுகிறது என்பதை இத்தகைய நோயாளிகள் வழியே ஆராய முடிகிறது.

மொழி என்றால் ஒலி என்று நாம் எண்ணுகிறோம். காது கேளாதோர் கைச்சைகையால் பேசும் மொழிக்கும் இலக்கணம் உண்டு. இடது மூளையில் ஊறு நேர்ந்தபோது அவர்களுள் சிலர் சைகைமொழியை இழந்தனர். ஆனால் கைகளை வேறு செயல்களுக்கு நன்றாக அசைக்க முடிந்தது. அமெரிக்காவில் 1980களில் நடந்த இவ்வாய்வு, இடது மூளை காப்பது நாக்கையன்று, இலக்கணத்தை என்று காட்டியது.

பேச்சிழந்தவருள் பலர் பாடுவர் என்பதையும் சொல்லியாக வேண்டும். ஒரு வாக்கியம் அமைக்க இயலாதவர், ஒன்று இரண்டு என எண்ணத் தொடங்கிவிட்டால் பத்துவரை போய்விடுவார். ‘ஐயோ’, ‘முருகா’ என்பன தாமே வந்துவிழும். பழகிய பாட்டுக்கும் இராகத்துக்கும் வலது மூளையின் துணை உண்டு. 1973இல் பாஸ்டன் மருத்துவர்கள் இதனையே சிகிச்சையாக்கி, சொல்ல வேண்டியதை இராகத்தோடு இழுத்துச் சொல்லப் பயிற்றினர். நடவுப் பாட்டும் தாலாட்டும் இன்னும் மறையாத நம் மலையூர்களில் இதற்குப் புதிதாக எதுவும் கற்பிக்க வேண்டியதில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

இரு மொழி அறிந்தவர் நிலை யாது? மலையடிவாரத்தில் ஆலங்காயம், வாணியம்பாடிப் பக்கம் போனால் ஒரே கடையில் தமிழும் தெலுங்கும் உருதும் கேட்கும். ஐதராபாத்தில் சுவர்ணா அல்லாடி குழுவினர் 648 மறதி நோயாளிகளை ஆராய்ந்து 2013இல் வெளியிட்ட முடிவு குறிப்பிடத்தக்கது. ஒரு மொழி மட்டும் பேசியவர்களைவிட, இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட மொழி பேசியவர்களுக்கு நோய் ஏறத்தாழ நாலரை ஆண்டுகள் தாமதமாகத் தோன்றியது. எழுதப் படிக்கத் தெரியாதவர்களிடமும் இவ்வேறுபாடு காணப்பட்டது. ஆகவே இது பள்ளிப் படிப்பால் வந்த பயன் மட்டுமன்று. 2016இல் பக்கவாத நோயாளிகள் 608 பேரை ஆராய்ந்ததில், பன்மொழியாளருள் 40.5 விழுக்காட்டினரும் ஒருமொழியாளருள் 19.6 விழுக்காட்டினரும் அறிவாற்றல் குன்றாதிருந்தனர். ஆயினும் பேச்சிழப்பு நேரும் அளவில் இருசாராருக்கும் வேறுபாடில்லை. பிற நாட்டு ஆய்வுகள் எல்லாம் இதனை ஒப்புக்கொள்ளவில்லை என்பதையும் மறைக்கலாகாது.

நடைமுறைக்கு வருவோம். வாய் ஒருபக்கம் கோணினால், ஒரு கை தளர்ந்து விழுந்தால், பேச்சு திடீரெனக் குழறினால், விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. 108க்குச் சொல்ல வேண்டும். மூளைக்குச் செல்லும் இரத்தக்குழாயை அடைத்த கட்டியைக் கரைக்கும் மருந்தை, நோய் தொடங்கிய நாலரை மணி நேரத்துக்குள் செலுத்த வேண்டும். அதற்கு முன் அடைப்பா, கசிவா என்று ஸ்கேன் எடுத்துப் பார்த்தாக வேண்டும். கசிவாயின் அதே மருந்து கேடு செய்யும். மலையிலிருந்து திருவண்ணாமலைக்கோ வேலூருக்கோ இறங்கும் நேரமும் அந்த நாலரை மணியில்தான் அடக்கம். நோய் தொடங்கியபோது மணி என்ன என்பதைக் குறித்து வைத்துக்கொள்வது மருத்துவருக்குப் பேருதவி.

பிழைத்து வீடு திரும்பியவரிடம் உரக்கக் கத்த வேண்டாம். அவர் செவிடர் அல்லர். ஒரு நேரத்தில் ஒரு சிறு வாக்கியம் போதும். சொல் வரும்வரை காத்திருங்கள், முந்திக்கொண்டு முடித்துவிடாதீர்கள். தலையசைப்பை மட்டும் நம்ப வேண்டாம்; ‘ஆம்’ என்பதும் ‘இல்லை’ என்பதும் இவர்களுக்குச் சிலநேரம் மாறிவரும். அதே கேள்வியைத் திருப்பிக் கேட்டு, இரண்டு விடையும் ஒத்துவருகின்றனவா என்று பாருங்கள். நிலத்தின் படத்தையோ, பிள்ளைகளின் புகைப்படத்தையோ முன்னே வைத்துக் கேட்டால் அவர் விரல் நீட்டிக் காட்டுவார்.