மணலுக்கடியில் ஓர் ஆறு

மனிதனின் கண் இரவல் ஒளியிலே காண்பது. ஞாயிறும் விளக்கும் இல்லையேல் அதற்கு மலையுமில்லை, மரமுமில்லை. ராடர் எனும் கருவியோ தனக்கு வேண்டிய ஒளியைத் தானே ஏந்திச் செல்கின்றது. வானொலி அலைகளை அனுப்பி, அவை ஒரு பொருளிற் பட்டு மீளும் நேரத்தை அது அளக்கின்றது. ஒரு செக்கனின் ஆயிரத்திலொரு பங்கில் அலை மீளுமாயின், அப்பொருள் 150 கிலோமீற்றர் தொலைவில் உள்ளது என்பது கணக்கு. இருளும் முகிலும் அதற்குத் தடையாவதில்லை.

இரண்டாம் உலகப் போரிற் பகை விமானங்களைத் தேடியோரின் திரையில் மழையும் வந்து தோன்றிற்று. அன்று இடையூறெனக் கருதப்பட்ட அத்தோற்றமே, பின்னாளிற் புயலையும் மழையையும் கண்காணிக்கும் கலைக்கு வித்தாயிற்று. எனினும், என் உள்ளத்தைப் பெரிதும் ஈர்த்தது மண்ணை நோக்கிய ராடரே.

1981ஆம் ஆண்டு நவம்பரில் 'கொலம்பியா' விண்ணோடம் அத்தகைய ராடர் ஒன்றைச் சுமந்து சென்றது. தென் எகிப்திலும் வட சூடானிலும் பரந்து கிடக்கும் செலிமா மணற்பரப்பை அது படம் பிடித்தது. சாதாரண செய்மதிப் படத்தில் அவ்விடம் வெறும் மணல். ராடர்ப் படத்திலோ, கிளைகள் விரித்த பண்டை ஆறுகளின் பள்ளத்தாக்குகள்! அவற்றுட் சில நைல் நதியின் பள்ளத்தாக்கையொத்த அகலமுடையவை.

இஃது எவ்வாறு நிகழ்ந்தது? ஏறத்தாழ 23 சென்ரிமீற்றர் நீளமுள்ள அவ்வலைகள், உலர்ந்த மணலைச் சில மீற்றர் ஆழம்வரை ஊடுருவிச் சென்றன. கீழேயுள்ள கரடான பாறை அவற்றைத் திருப்பியனுப்பி வெண்மையாகத் தோன்றிற்று. மணல் நிரம்பிய ஆற்றுப்படுகை கருமையாகக் கிடந்தது. மணலில் ஈரம் ஊறியிருந்தால் அலைகள் இவ்வளவு ஆழம் சென்றிரா.

இதை எண்ணுந்தோறும் எனக்கு வியப்பு மிகுகின்றது. நீர் முற்றாக அற்றுப்போனதாலன்றோ நீர் ஓடிய சுவடு நமக்குப் புலப்பட்டது!

பின்னர் அறிஞர் அங்கு சென்று குழி தோண்டினர். ஆற்றுப் பரற்கற்கள் கிடைத்தன. கற்கால மாந்தர் கையாண்ட கற்கோடரிகளும் கிடைத்தன. ஆகவே, இன்று மழையே காணாத அவ்விடத்தில் ஒரு காலத்தில் மனிதர் வாழ்ந்தனர். அந்நீரை அள்ளிப் பருகினர். ஆறு போயிற்று, அவர்களும் போயினர். பாலையிற் கிணறு தோண்ட இடம் தேடுவோர்க்கு இத்தகைய படங்கள் இன்று வழிகாட்டுகின்றன. என்றோ மாண்ட ஆறு இன்றும் ஒருவன் தாகத்தைத் தணிக்குமாயின், அதனை மாண்டதென்று சொல்ல என் மனம் ஒப்பவில்லை.